ஆகுவதும் ஆகாததும்: யாழ்ப்பாணத் தேசவழமையில் அனுமதி என்னும் கருத்துப் பற்றிய ஒரு நோக்கு

ஆங்கிலத்தில் ‘லிசிற்’ என்றொரு சொல் உண்டு. அது அருகி வழங்குவது. நம் அகராதிகள் அதற்குச் ‘சட்டபூர்வமான’ என்று பொருள் தருகின்றன. ‘லீகல்’, ‘லோபுல்’ ஆகிய சொற்களையும் நாம் அவ்வாறே பெயர்த்து வருகின்றோம். மூன்று சொற்களை ஒரே தொடராற் பெயர்ப்பதனால் முக்கியமான வேறுபாடு ஒன்று நம் பார்வையினின்றும் நழுவிவிடுகின்றது. ‘லீகல்’ என்பது சட்டம் எனப் பொருள்படும் ‘லெக்ஸ்’ என்னும் இலத்தீன் சொல்லடியாக வந்தது. ‘லிசிற்’ என்பதோ ‘அனுமதி உண்டு’ எனப் பொருள்படும் ‘லிசெற்’ என்னும் வினையடியாகப் பிறந்தது. நம் மக்களிடையே பெருவழக்குப் பெற்றுவிட்ட ‘லைசென்ஸ்’ என்பது இதன் உடன்பிறப்பே. எனவே, ‘லிசிற்’ என்பதன் அடிப்படைப் பொருள் சட்டம் சார்ந்தது என்பதன்று, அனுமதிக்கப்பட்டது என்பதேயாகும்.

இச்சொல்லிலும் இதன் எதிர்மறையாகிய ‘இல்லிசிற்’ என்பதே அதிகம் வழங்குவது. கசிப்பு வழக்குகள் பற்றிய ஆங்கிலப் பத்திரிகைச் செய்திகளில் அதனை நாம் அடிக்கடி காண்கிறோம். ஆனால், அனுமதிப்பத்திரம் பெற்ற தவறணையில் விற்கப்படும் கள்ளினை எவரும் ‘லிசிற்’ என அடைமொழி கொடுத்து எழுதுவதில்லை. தடுக்கப்பட்டதற்கே பெயர் வேண்டியிருக்கின்றது. அனுமதிக்கப்பட்டது பெயரின்றியே இயல்பானதாக நடமாடுகின்றது.

‘லிசெற்’ என்னும் வினைக்கு இன்னொரு பண்பும் உண்டு. அது ஆள் சுட்டாத வினை. அனுமதி உண்டு என்பதை உணர்த்துமேயன்றி, அனுமதித்தவர் யார் என்பதை உணர்த்தாது. தமிழிலும் இதனையொத்த நிலையைக் காணலாம். ‘செய்யல் ஆம்’ என்பதே ‘செய்யலாம்’ என்றாயிற்று. ‘போகலாம்’, ‘இருக்கலாம்’ என்னும்பொழுது போவதும் இருப்பதும் ஆகும் என்பது பெறப்படுகின்றது. அவ்வாறு ஆக்கியவர் யார் என்பது பெறப்படுவதில்லை. ‘ஆகாது’, ‘கூடாது’ என்னும் விலக்குகளும் இத்தன்மையனவே. நம் நாட்டு முஸ்லிம்களின் தமிழில் மார்க்கம் அனுமதித்ததனை ‘ஆகுமானது’ என்பர். அங்கு ஆக்கியவன் இறைவன் என்பதில் ஐயமில்லை. ஆயின், யாழ்ப்பாணத்துச் சமூக வாழ்வில் இன்னது ஆகும், இன்னது ஆகாது என வகுத்தவர் யார்? இவ்வினாவை யாழ்ப்பாணத்தின் தனிச்சட்டமாகிய தேசவழமையின் வரலாற்றோடு பொருத்தி நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

‘வழமை’ என்பது யாழ்ப்பாணத்தில் அன்றாடம் வழங்கும் சொல். தமிழகத்தார் ‘வழக்கம்போல’ என்னுமிடத்து நாம் ‘வழமைபோல’ என்கிறோம். அது நடைமுறையைக் குறிக்கின்றது. பலரும் பலகாலமாகச் செய்து வருவது எதுவோ அதுவே வழமை. இப்பொருளில் அது அனுமதியுமன்று, ஆணையுமன்று. பரிமேலழகர் அறத்தினை விதித்தவற்றைச் செய்தல், விலக்கியவற்றை ஒழித்தல் என்னும் இரண்டனுள் அடக்கி விளக்குவார். விதிக்கும் விலக்குக்கும் இடையே, செய்யினும் குற்றமின்றி, செய்யாதொழியினும் குற்றமின்றிக் கிடக்கும் பரந்த வெளி ஒன்று உண்டு. மனித வாழ்வின் பெரும்பகுதி அவ்வெளியிலேதான் கழிகின்றது. ‘லிசிற்’ என்னும் சொல் சிறப்பாகச் சுட்டுவது அந்த இடைவெளியைத்தான். யாழ்ப்பாண வரலாற்றில் அந்த இடைவெளியை நிரப்பியது வழமை. அது எழுத்தில் ஏறியபோது அதன் தன்மை மாறியது.

போர்த்துக்கேயர் 1619இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றினர். 1658இல் அவர்களை அகற்றி ஒல்லாந்தர் வந்தனர். நிலம், சீதனம், கடன் ஆகியன பற்றிய வழக்குகளைத் தீர்க்க ஒல்லாந்த நீதிபதிகளுக்கு நாட்டு வழக்கம் தெரியவேண்டியிருந்தது. 1706இல் தேசாதிபதி கொர்னேலிஸ் ஜோன் சைமன்ஸ் இவ்வழக்கங்களைத் தொகுக்குமாறு பணித்தார். முப்பது ஆண்டுகளுக்கு மேலாக யாழ்ப்பாணத்தில் வாழ்ந்திருந்த திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் 1707இல் தொகுப்பைச் சமர்ப்பித்தார். ஒல்லாந்த மொழியில் அமைந்த அத்தொகுப்புத் தமிழிற் பெயர்க்கப்பட்டு, பன்னிரண்டு முதலியார்களிடம் பார்வைக்குக் கொடுக்கப்பட்டது. அவர்கள் அது நாட்டு வழக்கத்தோடு பொருந்துவதாக ஏற்றனர். இதன் பின்னரே அது நீதிமன்றங்களுக்கு அனுப்பப்பட்டது.

இந்நிகழ்ச்சியின் முக்கியத்துவத்தை நாம் ஊன்றி நோக்குதல் வேண்டும். ‘இவ்வாறு செய்கிறார்கள்’ என்பது ஒரு செய்தி. ‘இவ்வாறு செய்யலாம்’ என்பது ஓர் அனுமதி. ‘இவ்வாறே செய்தல் வேண்டும்’ என்பது ஓர் ஆணை. 1707இல் முதலாவது மூன்றாவதாக மாறுதற்கு வழி திறக்கப்பட்டது. இடையில் நின்று ‘ஆம், இதுவே வழமை’ எனத் தலையசைத்தோர் பன்னிருவர். முதலியார் என்பது அரச சேவையோடு இணைந்த பட்டம். அதனைத் தாங்கியோர் ஆட்சியாளருக்கும் குடிகளுக்கும் இடையே நின்ற உள்ளூர் மேலோர். வழமையினால் நன்மை பெற்றோரே வழமைக்குச் சாட்சிகளாயினர். அதனாற் சுமை தாங்கியோரிடம் எவரும் கேட்டிலர்.

இச்சுமை எத்தகையது என்பதைத் தொகுப்பே காட்டுகின்றது. முதுசம், சீதனம், தேடியதேட்டம் எனச் சொத்தினை வகுத்து, தந்தைவழிச் சொத்தும் தாய்வழிச் சொத்தும் பிள்ளைகளைச் சென்றடையும் முறையைக் கூறும் அதே நூல், அடிமைகள் பற்றியும் ஒரு பகுதியைக் கொண்டுள்ளது. கோவியர், சாண்டார், பள்ளர், நளவர் என்போர் அப்பகுதியில் அடிமைகளாகக் குறிக்கப்படுகின்றனர். ஒற்றியும் ஈடும் தோட்டமும் பற்றிய விதிகளோடு மனிதர் பற்றிய விதிகளும் ஒரே தொகுப்பில் இடம்பெற்றமை தற்செயலன்று. நிலவுடைமைச் சமூகத்தில் நிலமும் அதில் உழைப்போரும் ஒரே உடைமையொழுங்கின் இரு கூறுகளாகக் கருதப்பட்டமையே அதற்குக் காரணம்.

ஆங்கிலேயர் இதனை மாற்றவில்லை, மேலும் இறுக்கினர். 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க ஒழுங்குவிதி, சைமன்ஸின் கட்டளைப்படி தொகுக்கப்பட்ட தேசவழமை முழு வலுவுடையது எனப் பிரகடனஞ் செய்தது. யாழ்ப்பாண மாகாணத்து ‘மலபார்’ குடிகளிடையே, அதாவது தமிழரிடையே, எழும் பிணக்குகள் அதன்படியே தீர்க்கப்படுதல் வேண்டும் என்றும் அது விதித்தது. இவ்வாறு ஒரு நூற்றாண்டுக்கு முன் பன்னிருவர் ஒப்பிய வழமை, பிரித்தானிய முடியின் சட்டமாயிற்று. 1821ஆம் ஆண்டின் ஒழுங்குவிதியொன்று அடிமைக் குடும்பங்களிற் பிறக்கும் பெண் குழந்தைகளின் விடுதலையை அரசு விலைகொடுத்துப் பெறுதற்கு வகைசெய்தது. 1844ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் அடிமைமுறையை முற்றாக ஒழித்தது. 1806 முதல் 1844 வரை 38 ஆண்டுகள் மனிதரை உடைமையாகக் கொள்ளுதல் யாழ்ப்பாணத்திற் சட்டபூர்வமானதாகவே இருந்தது என்பது மனங்கொள்ளத்தக்கது.

1844இன் பின் நிகழ்ந்தது இன்னும் கூர்ந்து நோக்கத்தக்கது. தேசவழமையின் அடிமை விதிகள் வலுவிழந்தன. ஆயின், வழமை வலுவிழந்திலது. ‘அடிமை குடிமை’ என இணைத்து வழங்கும் தொடரில் முதற்பாதி சட்டத்தினால் நீங்கியது, குடிமை நின்றது. நன்மை தீமைகளுக்கு ஊழியஞ்செய்தல், கிணற்றை அணுகாதிருத்தல், கோயிலின் வெளிவீதியோடு நின்றுவிடுதல் என்பன எந்தச் சட்டப் புத்தகத்தின் துணையுமின்றித் தொடர்ந்தன. சட்டம் தன் அனுமதியை மீளப்பெற்ற பின்னரும், ‘ஆகும்’, ‘ஆகாது’ எனக் கூறும் அதிகாரம் வேறோரிடத்தில் இருந்தது என்பதையே இது புலப்படுத்துகின்றது.

இவ்வதிகாரம் சாதியோடு மட்டும் நின்றுவிடவில்லை. தேசவழமை பெண்ணுக்குச் சொத்துரிமை வழங்கிற்று என்பது நெடுங்காலமாக நாம் பெருமையோடு கூறிவரும் செய்தி. அது உண்மையே. தாயின் சீதனம் மகளைச் சேரும் மரபு, பல சமூகங்களிற் காணப்படாத ஒரு பாதுகாப்பைப் பெண்ணுக்கு அளித்தது. ஆனால், 1911ஆம் ஆண்டின் 1ஆம் இலக்க யாழ்ப்பாண விவாக உரிமைகள், வழியுரிமைக் கட்டளைச் சட்டத்தை நோக்குவோம். மணமான பெண்ணின் தனிச்சொத்து அவளுடையதே என அச்சட்டம் ஏற்கின்றது. எனினும், அவள் தன் அசையாச் சொத்தைக் கைமாற்றுவதற்குக் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும் என விதித்தது. கணவன் கைவிட்டுப்போயினும், நியாயமின்றிச் சம்மதம் மறுப்பினும், அவள் மாவட்ட நீதிமன்றத்தின் அனுமதியை நாடவேண்டும். உறுதி அவள் பெயரில் இருந்தது. நொத்தாரிசின் முன்னிலையில் அவள் இட்ட ஒப்பம் மட்டும் போதாததாயிற்று. உரித்து ஒருவருடையது, அனுமதி இன்னொருவருடையது என்னும் இந்நிலையே ‘லீகல்’ என்பதற்கும் ‘லிசிற்’ என்பதற்கும் இடையேயுள்ள வேறுபாட்டை விளக்கப் போதிய சான்றாகும்.

தேசவழமையை வெறும் ஒடுக்குமுறைக் கருவியெனத் தள்ளிவிடுதல் வரலாற்று நோக்கிற்குப் பொருந்தாது. அந்நியராட்சியின் கீழ்த் தமிழர்தம் சொத்துறவுகளை அது தனித்துவத்தோடு பேணியது. நிலத்தை விற்குமுன் உரித்தாளர்க்கும் பங்காளர்க்கும் அறிவித்தல் வேண்டும் என்னும் அதன் முன்கொள்வனவு விதி, குடும்பத்து நிலம் சிதறாது காத்தது. ஒல்லாந்தர் காலத்தில் மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் தொடர்ந்து தேவாலயத்தில் இத்தகைய விற்பனை அறிவிக்கப்பட்டது. 1947இல் இதற்கெனத் தனியாகவே ஒரு கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. 1862இல் முத்துக்கிருஷ்ணா வெளியிட்ட தொகுப்பும், பின்னர் நீதியரசர் எச். டபிள்யூ. தம்பையா செய்த ஆய்வுகளும் இச்சட்டத்தின் நுட்பங்களைத் துலக்கியுள்ளன. நாம் இங்கு எழுப்புவது அதன் பயன் பற்றிய வினாவன்று. அதன் பெயரால் அனுமதி வழங்கியோர் பற்றிய வினாவாகும்.

அவ்வினா வீதிக்கு வந்தது இருபதாம் நூற்றாண்டின் பிற்பாதியிலேயாம். 1957ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம், சாதி காரணமாக ஒருவரைக் கடையிலும் பொதுக்கிணற்றிலும் வழிபாட்டிடத்திலும் தடுத்தல் குற்றம் என்றது. அதாவது, வழமை ஆகாது என்றதனைச் சட்டம் ஆகும் என்றது. ஆயினும், தேநீர்க்கடைகளிற் சிலருக்குத் தனிக் குவளையும் போத்தலும் கொடுக்கப்படும் வழமை தொடர்ந்தது. 1966 ஒக்டோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கிப் புறப்பட்ட ஊர்வலம் பொலிசாரின் தாக்குதலுக்கு உள்ளானது. அதனைத் தொடர்ந்து சங்கானை முதலிய இடங்களிற் கடைப்பிரவேசப் போராட்டங்கள் எழுந்தன.

1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் இம்முரண்பாடு உச்சநிலையை அடைந்தது. உள்ளே செல்ல வந்தோர் சட்டத்தைத் துணைக்கொண்டனர். அவர்களைத் தடுக்கத் தலைமை தாங்கியவர் முன்னாள் அமைச்சரும் கணிதப் பேராசிரியருமான சி. சுந்தரலிங்கம். தடுத்தோர் மரபினை அரணாகக் கொண்டனர். சட்டம் இயற்றப்பட்டுப் பதினொரு ஆண்டுகள் சென்றபின்னும் சட்டபூர்வமான ஒரு செயலைச் செய்வதற்கு மனிதர் வாசலிற் குந்தியிருந்து போராடவேண்டியிருந்தது. அவர்தம் செயல் ‘லீகல்’. அது ‘லிசிற்’ ஆவதற்கு வேறு எவரோ தலையசைக்கவேண்டும் என எதிர்பார்க்கப்பட்டது. 1707இன் பன்னிருவரது வழித்தோன்றலான ஒரு மனப்பாங்கு அவ்வாசலில் நின்றது எனின் மிகையாகாது.

இலங்கையின் பொதுச்சட்டமாகிய உரோம-ஒல்லாந்தச் சட்டத்தின் மூலவர்களுள் ஒருவரான போலுஸ், அனுமதிக்கப்படுவதற்கும் மாண்புடையதற்கும் இடையே வேறுபாடு கண்டவர். அவ்வேறுபாடு நமக்கு இன்றும் வேண்டியதாகவே உள்ளது. நடப்பது, அனுமதிக்கப்படுவது, சட்டமாவது, நீதியாவது என்னும் நான்கும் வெவ்வேறானவை. யாழ்ப்பாணச் சமூகம் இந்நான்கினையும் ‘வழமை’ என்னும் ஒரு சொல்லினுள் அடக்கியது. அடக்கியதனால், நடப்பதை வினாவுவோர் நீதியையே வினாவுவோராகப் பழிக்கப்பட்டனர்.

ஆகவே, கலைச்சொல்லாக்கத்தில் ஈடுபடுவோர் ‘லிசிற்’ என்பதற்குச் ‘சட்டபூர்வமான’ என்பதினும் ‘ஆகுமான’ என்னும் சொல்லைக் கருதுதல் பொருந்தும். அது மக்கள் நாவில் உள்ள சொல். அனுமதி என்னும் பொருளையும் விளக்கமாகத் தருவது. ஆனால், சொல்லை ஏற்பதோடு நம் பணி முடிந்துவிடாது. இலத்தீன் வினையும் தமிழ் வினையும் ஒருங்கே மறைத்து வைத்திருக்கும் எழுவாயை வெளிக்கொணர்தல் வரலாற்று மாணவரின் கடமையாகும். கோயிற் கதவோ, காணி உறுதியோ, திருமணப் பேச்சோ, எதுவாயினும் ‘அது ஆகாது, வழமையன்று’ என ஒருவர் கூறும்போது, ‘யாருக்கு ஆகாது? யார் ஆகாதென்றது? அவர்களை யார் கேட்டது?’ என நாம் வினாவுதல் வேண்டும். 1707இல் அவ்வாறு வினாவுதற்கு அடிமைகளுக்கு வாய்ப்பு இருக்கவில்லை. அவ்வாய்ப்புடைய நாம் வினாவாதிருப்போமாயின், பன்னிருவரோடு பதின்மூன்றாமவராய் நாமும் ஒப்பமிட்டவராவோம்.