பாலாமணி அம்மாளும் பெண்கள் நடத்திய நாடகக் கம்பெனியும்

பங்குனி, சித்திரை வந்துவிட்டால் நம்ம மாவட்டத்தில் ஊருக்கு ஊர் திருவிழாதான். ஒரு ராத்திரி வள்ளி திருமணம், இல்லாவிட்டால் பவளக்கொடி கட்டாயம் இருக்கும். பாயை விரித்து, பிள்ளைகளை மடியில் போட்டுக்கொண்டு விடிய விடியப் பார்த்தவர்கள்தானே நாம். இந்த நாடகங்களைத் தந்தவர் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922). தாளமும் சந்தமும் அவருக்குக் கைவரக் காரணமாக இருந்தவர் நம்ம புதுக்கோட்டை கஞ்சிரா வித்துவான் மான்பூண்டியா பிள்ளை. சுவாமிகளைச் சொந்தப் பிள்ளைபோலவே வைத்துக்கொண்டார் என்பார்கள்.

அந்தக் காலத்து மேடையில் வள்ளி, சாவித்திரி எல்லாம் பெரும்பாலும் ஆம்பளைகள்தான். மீசை முளைக்காத பையனுக்குச் சேலை கட்டிவிட்டு 'ஸ்திரீ பார்ட்' என்பார்கள். பொம்பளை மேடை ஏறினால் ஊர் ஒரு மாதிரிப் பேசும்.

அந்தப் பேச்சைக் கேட்டு ஒதுங்காதவர் கும்பகோணம் பாலாமணி அம்மாள். தேவதாசிக் குடும்பத்தில் பிறந்தவர். சுமார் நூறு வருஷத்துக்கும் முன்னால், பெண்களை மட்டுமே வைத்து ஒரு நாடகக் கம்பெனி நடத்தினார். ஆதரவில்லாத பெண்கள் பலருக்கு அந்தக் கம்பெனியே வீடாக இருந்தது. சோறும் தங்க இடமும் கிடைத்தன. கூடவே ஒரு தொழிலும் கைக்கு வந்தது.

தொழில் என்றால் லேசானது இல்லை. மைக் கிடையாது. கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவர் காதுக்கும் வசனம் போய்ச் சேரணும். ஆர்மோனிய சுதிக்குக் குரல் நிற்கணும். ராஜா வேஷமும் பெண்தான் போடணும் என்பதால் நடை, பார்வை, குரல் எல்லாம் மாற்றப் பழகணும். ஒருத்தி பார்த்துக் கற்றதை அடுத்தவளுக்குச் சொல்லித் தருவாள். அப்படித்தான் கம்பெனி வளரும்.

இவர்கள் நாடகம் பார்க்கத் திருச்சிப் பக்கமிருந்தும் மாயவரம் பக்கமிருந்தும் தனி ரயிலே ஓடியது. 'பாலாமணி ஸ்பெஷல்' என்றே அதற்குப் பேர். மேடைக்குப் பெட்ரோமாக்ஸ் விளக்கைக் கொண்டுவந்தவர் என்றும் அவரைச் சொல்வார்கள். பெண்கள் நடத்திய ஒரு தொழிலுக்காக ரயில் ஓடியது என்றால் சும்மாவா?

ஆனால் அவ்வளவு பேருக்குச் சோறு போட்ட பாலாமணி அம்மாள், கடைசிக் காலத்தில் மதுரையில் வறுமையில்தான் செத்துப்போனார். நாடகத் தொழிலில் உடம்பும் குரலும் இருக்கிறவரைதான் வருமானம். கூட்டம் வேறு பக்கம் திரும்பினால் அதுவும் நின்றுபோகும். அன்றைக்கு நாடகக்காரப் பெண்ணுக்குச் சேமிப்புக் குழு ஏது, வங்கிக் கடன் ஏது, காப்பீடு ஏது?

அதே தேவதாசி மரபில் வந்த தாய்க்கு 1886-ல் நம்ம புதுக்கோட்டையில் பிறந்தவர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. 1912-ல் டாக்டர் ஆனார். பிறகு சட்டசபைக்குப் போய்ப் போராடினார். கோயிலுக்குப் பெண்களைப் பொட்டுக் கட்டுகிற வழக்கம் 1947-ல் சட்டப்படி ஒழிந்தது. ஒருவர் மேடையில், இன்னொருவர் சட்டசபையில். ரெண்டு பேருமே பெண்களுக்குச் சொந்தக் காலில் நிற்க வழி தேடினார்கள்.

1991 வாக்கில் நம்ம மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் வந்தபோது ஊர் ஊராக வீதி நாடகம் போட்டதும், அக்காமார் சைக்கிள் பழகியதும் பலருக்கு நினைவிருக்கும். நாடகம் நமக்குப் புதுசு இல்லை.

இன்றைக்கும் வள்ளி வேஷம் போடுகிற அக்காவுக்கு ராத்திரிக் கூலிதான். ஐப்பசி, கார்த்திகை மழை மாசத்தில் மேடை கிடையாது, அடுப்பு எரியணுமே! அந்த மாதிரி ஒரு பெண் உங்க ஊரில் இருந்தால், 'நாடகக்காரி' என்று ஒதுக்காமல் குழுவில் சேர்த்துக்கொள்ளுங்க. திருவிழாக் கமிட்டியில் பேசுகிறபோது, பேசின சம்பளம் முழுசா அவங்க கைக்குப் போகணும் என்று நாமே கேட்போம். பாலாமணி அம்மாளுக்குக் கிடைக்காத பாதுகாப்பு, நம்ம ஊர் வள்ளிக்காவது கிடைக்கட்டும்.