எண்பது வார்த்தை ராணுவம்

புனேக்கு வந்த புதிதில் அம்மாவுக்குத் தெரிந்த இந்தி இருபது வார்த்தைதான். ஆஸ்திரிய-ஹங்கேரி ராணுவத்தைப் பற்றிப் படித்தபோது அதுதான் ஞாபகம் வந்தது.

1867 முதல் 1918 வரை இருந்த அந்தப் பேரரசின் படையில் ஜெர்மன், ஹங்கேரியன், செக், போலிஷ், ருமேனியன் என்று பத்து மொழிக்காரர்களாவது இருந்தார்கள். சிப்பாய்க்கு ஜெர்மனில் சுமார் 80 கட்டளைச் சொற்கள் தெரிந்தால் போதும். மற்றதையெல்லாம் அவன் மொழியில் பேச வேண்டியது அதிகாரியின் பொறுப்பு. அதைக் கற்றுக்கொள்ள அவருக்கு மூன்று வருஷக் கெடு!

1914-ல் கலீசியாவிலும் செர்பியாவிலும் அந்த அதிகாரிகள் ஏராளமாகச் செத்தார்கள். பதிலுக்கு வந்த பலருக்குச் சிப்பாயின் பாஷை தெரியாது. கட்டளை மிஞ்சியது, பேச்சு போய்விட்டது.

அம்மா இருபது வார்த்தையில் காய்கறி வாங்கிவிடுவாள். பக்கத்து வீட்டுக்காரர் இறந்தபோது அவர் மனைவியிடம் ஆறுதலாகச் சொல்லத்தான் ஒரு வார்த்தையும் இல்லை. கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.