பனாட்டு: முற்றம் இருந்தவர்களின் இனிப்பு

மேலைநாடுகளில் இலையுதிர் காலத்தில் காட்டுப்பழத்தையும் பாலாடையையும் அடுக்கி இனிப்புச் செய்வதைப் புலம்பெயர்ந்த வாசகர்கள் அறிவர். வட இலங்கைப் பனை நிலத்தின் அடுக்கு இனிப்பு பனாட்டு. மன்னார்ப் பெருநிலத்துக் கரையிலுள்ள பாப்பாமோட்டையும் அந்நிலத்தைச் சேர்ந்ததே.

ஆவணி, புரட்டாதியில் விழும் பனம்பழத்தின் தோலை உரித்து, நீர் தெளித்துப் பிசைந்து, களியைப் பந்தலில் விரித்த ஓலைப்பாயில் ஊற்றுவர். ஒரு படை காய்ந்ததும் அதன்மேல் அடுத்த படை. இரண்டு மூன்று வாரங்களின் பின் உரித்து, வெட்டிச் சேமிப்பர். பனம்பாணியில் ஊறவிட்டால் அது பாணிப்பனாட்டு.

வில்லியம் பெர்குசன் பனையைப் பற்றி நூல் எழுதிய 1850ஆம் ஆண்டுக் காலத்தில், பனாட்டு பாய்க்கணக்கில் விலைபோனது. தீவகத்தாருக்கும் குடாநாட்டு ஏழைகளுக்கும் ஆண்டில் சில மாதங்கள் அதுவே முக்கிய உணவு.

வாரக்கணக்கில் ஒரே முற்றத்தில் தங்கியிருப்போரே பனாட்டுப் போட இயலும். 2008இல் போர் நெருங்கியபோது மாந்தை மேற்கு ஊர்களின் மக்கள் கிளிநொச்சிப் பக்கமாகப் பெயர்ந்தனர். 2009இல் அவர்களுள் பலர் செட்டிகுளம் முகாம்களில் அடைக்கப்பட்டனர். கூடாரத்து வாசலில் பாய் விரிக்க இடமேது?

கையால் கற்ற அறிவு, செய்யாத ஆண்டுகளில் தேய்கிறது. பனாட்டுப் போட்ட மூத்தோர் உங்கள் வீட்டில் இருந்தால், இன்றே கேட்டு எழுதி வையுங்கள் என்பதே என் வேண்டுகோள்.