சிலாங்கூரின் ஆதிக்குடிகளும் நாமும்

அமெரிக்கக் கண்டத்தின் வடபாகத்தில் வாழ்ந்துவரும் இரோக்குவா என்னும் ஆதிக்குடிகளைப்பற்றி ஆங்கிலம் வாசித்த நம்மவர் பலர் அறிந்திருப்பர். மோஹாக், ஒனைடா, ஒனொண்டாகா, கயூகா, செனெகா என்னும் ஐந்து கூட்டத்தார் தம்முள் போரொழித்து ஒரு சம்மேளனம் கண்டனர். 1722இல் டஸ்கரோரா கூட்டத்தாரையும் சேர்த்துக்கொண்டனர். அங்கே தலைவனைத் தெரிந்தெடுப்பதும், தவறினால் நீக்குவதும் குலத்தாய்மார் அதிகாரம். மார்கன் என்பார் இவர்களைப்பற்றி எழுதியவற்றைக்கொண்டே எங்கெல்ஸ் 1884இல் குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றத்தை ஆராய்ந்தார். 1779இல் வாஷிங்டன் ஏவிய படை அவர்தம் ஊர்களையும் சோளக் கொல்லைகளையும் கொளுத்திற்று. இவ்வளவும் நமக்குத் தெரியும். ஆனால் கிள்ளானுக்குத் தெற்கே, கேரித் தீவில், செம்பனைத் தோட்டங்களின் நடுவே குடியிருக்கும் மஹ் மெரி மக்களைப்பற்றி நம்மில் எத்தனை பேர் நான்கு வாக்கியம் சொல்ல வல்லோம்?

‘சகாய்’ என்ற ஒரு சொல்லை மாத்திரம் நன்றாகக் கற்றுவைத்திருக்கிறோம். அது அடிமை என்னும் இழிவு தோன்றப் பிறர் இட்ட பெயர். பத்தொன்பதாம் நூற்றாண்டில் காட்டுவாசிகளை வேட்டையாடிப் பிடித்து விற்ற காலத்தின் கறை அதில் இன்னும் இருக்கிறது. சாதிப் பெயரால் தாழ்த்தப்பட்டு, அது பொறாமல் மானம் கொதித்தெழுந்த நம் மக்களே தோட்டத்து லயங்களில் அடங்காத பிள்ளையை அச்சொல்லால் வைவது எவ்வளவு வெட்கக்கேடு!

மஹ் மெரியாரின் பாஷை மலாய் அன்று. பர்மாவின் மொன், கம்போடியாவின் கெமேர் ஆகிய பாஷைகளுக்கு உறவுடையது. சிலாங்கூர் அரசாங்க உத்தியோகத்தில் இருந்த ஸ்கீட், பிளாக்டன் என்பவரோடு சேர்ந்து 1906இல் வெளியிட்ட இரண்டு பெரும் பாகங்களில், ‘பெசிசி’ என்ற பெயரால் இவர்தம் பாட்டுகளையும் சடங்குகளையும் பதிவு செய்திருக்கிறார். தீவுக்கோ கேரி என்னும் தோட்டத்துரையின் பெயரே நிலைத்துவிட்டது. கடல்நீரைத் தடுத்து, வாய்க்கால் வெட்டி, காட்டை அழித்து அங்கே தோட்டம் போட்டபோது நம்மவர் வியர்வையும் அம்மண்ணில் சிந்திற்று.

சதுப்புக் காட்டில் வளரும் நீரே பாத்து என்னும் செந்நிற மரத்தில் அவர்கள் செதுக்கும் முகமூடிகளும் உருவங்களும் உலகப் பிரசித்தம். சங்கிலியால் பிணைக்கப்பட்ட புலியின் உருவம் அவற்றுள் தலைசிறந்தது. முன்னோரைப் போற்றும் ‘ஹாரி மோயாங்’ திருநாளில் முகமூடி அணிந்த ஆடவரும் ஓலையுடை பூண்ட மகளிரும் ஆடுவர். இரோக்குவா மக்களுக்கும் மர முகமூடி உண்டு. அதைப் பொருட்காட்சிசாலையில் வைத்து அந்நியர் வேடிக்கை பார்ப்பதை அவர்கள் விரும்புவதில்லை. மரத்தில் ஆவி உறைகிறது என்பதைப் பகுத்தறிவாளராகிய நாம் ஒப்பவேண்டியதில்லை. ஆனால் கருங்கல்லுக்குக் குடங்குடமாய்ப் பால் வார்ப்போர் அதைக் கண்டு நகைப்பதுதான் பெரிய வேடிக்கை!

நிற்க. கோலாலம்பூரின் சரித்திரத்தை 1857இல் இராஜா அப்துல்லா அனுப்பிய 87 சீனச் சுரங்கத் தொழிலாளரிடமிருந்து தொடங்குவது வழக்கம். அவர்கள் ஆற்று முகத்துவாரத்தில் இறங்கியபோது இந்நாட்டில் ஆளில்லாமல் இல்லை. தெமுவான் என்னும் ஆதிக்குடிகள், பாத்தின் எனப்படும் தலைவர்களின் கீழ், டுரியான் மரங்களை நட்டுக் காத்து வாழ்ந்துவந்தனர்.

அவர்களுடைய நிலத்துக்குச் சட்டம் தந்த இடம் யாது? 1954ஆம் வருஷத்து ஆதிக்குடிகள் சட்டப்படி அவர்கள் அரசாங்கத்தின் இஷ்டமுள்ளவரையில் குடியிருப்போர். எழுப்பிவிட்டால் மரத்துக்கும் பயிருக்கும் நஷ்டஈடு உண்டு, மண்ணுக்கு இல்லை. 1995இல் சிப்பாங் விமான நிலையத்துக்குச் செல்லும் நெடுஞ்சாலைக்காக, டிங்கிலை அடுத்த புக்கிட் தம்போய் கிராமத்துத் தெமுவான் மக்களின் சுமார் 38 ஏக்கர் நிலம் எடுக்கப்பட்டது. வெளியேறப் பதினான்கு நாள் தவணை. சாகோங் பின் தாசி முதலாய எழுவர் நியாயஸ்தலம் சென்றனர்.

கானடாவின் கால்டர் வழக்கும் (1973), ஆஸ்திரேலியாவின் மாபோ வழக்கும் (1992) ஆதிக்குடிகளின் பாரம்பரிய உரிமைக்கு வழிகாட்டியிருந்தன. ஜொகூரின் அடோங் வழக்கில் அவ்வழி இந்நாட்டு நீதிமன்றத்தால் ஏற்கப்பட்டும் இருந்தது. 2002இல் ஷா ஆலம் உயர்நீதிமன்றம், குடியிருந்து பயிரிட்ட நிலம் அவர்களுக்கே உரியது, அதன் விலையைக் கொடுத்தே எடுக்கவேண்டும் என்று தீர்த்தது. 2005இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் நீதிபதி கோபால் ஸ்ரீராம் அதை உறுதி செய்ததோடு, அரசிதழில் பிரசுரிக்காமல் விட்டது அரசாங்கத்தின் குறையேயன்றி மக்களின் குறையன்று என்றும் கண்டார். வழக்கு 2010இல் சமரசத்தில் முடிந்தது.

இத்தீர்ப்பைத் தோட்டத்துத் தமிழர் ஊன்றிப் படிக்கவேண்டும் என்பது நம் அபிப்பிராயம். தோட்டங்கள் வீட்டு மனைகளாகத் துண்டாடப்பட்டபோது, மூன்று தலைமுறை பால்மரம் சீவிய குடும்பங்கள் வேலை நின்றதும் வீட்டையும் இழந்தன. தெமுவானுக்கு மரத்தின் விலையாவது கிடைத்தது, நம்மவர் சீவிய மரம் நம்முடையதாக ஒருநாளும் இருந்ததில்லை. ஆயினும் இரு வழக்கும் ஒன்றல்ல. நாம் கேட்பது உழைப்புக்கான பங்கு. அவர்கள் கேட்பது தாங்கள் என்றும் எவருக்கும் விற்காத சொத்து. நம் கோரிக்கை மகஜர் எழுதும்போது இவ்வித்தியாசத்தை மறந்து, நாமே காட்டை நாடாக்கினோம், நமக்கு முன் இங்கே எவருமில்லை என்று முழங்குவோர் உளர். புக்கிட் தம்போயிலும் கேரித் தீவிலும் இருப்போர் அதைக் கேட்டால் என்ன சொல்வர்?