சீதாவாக்கை மன்னரின் அரண்மனையும் ஆலயமும்

எகிப்து மன்னன் மூன்றாம் ஆமென்ஹோதெப் கி. மு. 14ஆம் நூற்றாண்டில் நைல் நதியின் மேற்குக் கரையில், மல்கட்டாவில், பெரியதோர் அரண்மனை எழுப்பினான். சுடாத செங்கற் சுவர்களின்மேல் சாந்து பூசி, வண்ண ஓவியம் தீட்டுவித்தான். அதே மன்னன் கிழக்குக் கரையிலே, லுக்சோரில், தெய்வத்திற்கு எடுத்ததோ கற்கோயில். தான் வாழ்ந்த மாளிகை மண்மேடாயிற்று. கோயிற்றூண்கள் இன்றும் நிற்கின்றன.

இதனையொத்த காட்சியைக் காண நாம் எகிப்துக்குப் போக வேண்டுவதில்லை. நம் சப்பிரகமுவாவின் வாயிலாகிய அவிசாவளைதான் பண்டைய சீதாவாக்கை இராசதானி. 1521இல் மாயாதுன்னை அங்கு அரசு நிறுவினான். 1551இல் போர்த்துக்கேயர் அரண்மனையைக் கொள்ளையிட்டனர். மகன் முதலாம் இராஜசிங்கன் 1587இல் கொழும்புக் கோட்டையையே முற்றுகையிட்டான். அவன் 1593இல் இறக்க, மறு ஆண்டே தலைநகர் பறங்கியர் கைப்பட்டது. அரண்மனை இன்று இல்லை.

இராஜசிங்கன் சைவந் தழுவியவன். தந்தையைக் கொன்ற பழி தீரவே தழுவினான் என்று சூளவம்சம் கூறும். பிக்குகள் எழுதிய நூல் அது, முற்றாக நம்புவதற்கில்லை. அவன் தொடங்கிய பெரண்டி கோவில் முற்றுப்பெறவில்லை. 'பைரவ ஆண்டி கோவில்' என்பதே அவ்வாறு மருவியது என்பர். கூரையில்லை, ஆயினும் கருங்கல் அடித்தளமும் அதன் வேலைப்பாடும் எஞ்சியுள்ளன. நம் முன்னோர் கோப்பித் தோட்டங்களுக்கு வருவதற்கு இரு நூற்றாண்டுகளுக்கு முன்பே, ஒரு சிங்கள மன்னன் இம்மண்ணில் எழுப்பிய சைவ ஆலயம் அது!

எட்டியாந்தோட்டை, தெரணியகலைப் பகுதி அன்பர்கள் கொழும்புக்குப் போகும் வழியில் அவிசாவளையில் இறங்கினால் பார்த்துவிட்டே போகலாம்.