ஒத்தியங்கும் ஒழுங்கின்மை: திருச்சிராப்பள்ளி மின்சுற்றும் இருங்காட்டுக்கோட்டைத் தொழில்வழியும்

முன்னுரை

சென்னையிலிருந்து பெங்களூரு நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில் இருங்காட்டுக்கோட்டை தொடங்கித் திருப்பெரும்புதூர், ஒரகடம் வரை பரவியுள்ள தொழில்வழி, பெரும்பாலும் 1990களின் பிற்பகுதிக்குப் பின் உருப்பெற்றதாகும். 1996இல் நிறுவப்பட்ட ஹூண்டாய் மோட்டார் இந்தியா நிறுவனம் 1998இல் இருங்காட்டுக்கோட்டை ஆலையில் சான்ட்ரோ கார்களைத் தயாரிக்கத் தொடங்கியது. 2006இல் அதே சாலையில் சற்று மேற்கே, திருப்பெரும்புதூரில், நோக்கியாவின் கைப்பேசி ஆலை இயங்கத் தொடங்கியது. கார் உற்பத்தியால் அறியப்பட்ட நிலப்பகுதி அதன்பின் தகவல்தொடர்புக் கருவிகளின் நிலமாகவும் அறியப்பட்டது.

இதே காலப்பகுதியில், ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தெற்கே திருச்சிராப்பள்ளி பாரதிதாசன் பல்கலைக்கழகத்தில், ஒழுங்கற்ற சைகைகளைக் கொண்டு செய்தி அனுப்பும் ஆய்வு உலக அளவில் கவனிக்கப்படும் நிலையை எட்டியிருந்தது. தமிழ்நாட்டுக்குள்ளேயே நிகழ்ந்த இவ்விரு வளர்ச்சிகளும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை. பல்கலைக்கழகங்கள் கட்டுரையோடு நின்றுவிடுகின்றன, ஆலைகள் அயல்நாட்டுத் தொழில்நுட்பத்தோடு வருகின்றன என்பதே இதற்கு வழக்கமாகக் கூறப்படும் காரணம். அக்கூற்றில் உண்மை உண்டு. ஆனால் அது பாதி உண்மையே. இவ்வகைச் சைகையின் இயல்புக்கும் பெருந்தொகை உற்பத்தியின் இயல்புக்கும் இடையே ஒரு முரண் இருந்தது என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

ஒழுங்கின்மையிலிருந்து ஒத்தியக்கத்திற்கு

அறிவியலில் ஒழுங்கின்மை என்பது தற்செயல் அன்று. தற்செயலின் பங்கு சிறிதுமில்லாத சமன்பாடுகளால் ஆளப்படும் ஓர் அமைப்பு, தொடக்க நிலையில் ஏற்படும் மிகச்சிறு வேறுபாட்டாலும் முற்றிலும் வேறான போக்கில் செல்லும் இயல்பையே அச்சொல் குறிக்கிறது. வளிமண்டல ஓட்டத்தை எளிமைப்படுத்திய மூன்று சமன்பாடுகளில் எட்வர்டு லாரன்ஸ் இதனை 1963இல் எடுத்துக்காட்டினார். இருபது ஆண்டுகள் கழித்து, 1983இல் லியோன் சுவா டோக்கியோவின் வசேடா பல்கலைக்கழகத்தில் இருந்தபோது, இவ்வியக்கத்தை மேசைமேல் காட்டவல்ல ஒரு மின்சுற்றை வடிவமைத்தார். இரண்டு மின்தேக்கிகள், ஒரு மின்தூண்டி, ஒரு மின்தடை, நேரியல் அல்லாத ஓர் உறுப்பு ஆகிய ஐந்தே அதற்குப் போதுமானவை. அந்த ஐந்தாம் உறுப்பு பின்னர் சுவா டயோடு எனப் பெயர் பெற்றது.

அணுவளவு வேறுபாட்டாலும் பிரிந்து போகும் இரு அமைப்புகளை ஒன்றாக இயங்கச் செய்ய இயலாது என்பதே நெடுங்காலம் பொதுக்கருத்தாக இருந்தது. அமெரிக்கக் கடற்படை ஆய்வகத்தின் லூயி பெக்கோராவும் தாமஸ் கேரலும் 1990இல் அதனை மாற்றினர். ஒத்த இரு அமைப்புகளில் ஒன்றிலிருந்து ஒரு சைகையை எடுத்து மற்றதற்குச் செலுத்தினால், தகுந்த நிபந்தனைகளில் இரண்டும் ஒத்தியங்கும் என்பது அவர்களது கண்டுபிடிப்பு. இதன் தகவல்தொடர்புப் பயனை உணர நெடுநாள் ஆகவில்லை. பரப்பியில் இரைச்சல்போல் தோன்றும் அலையோடு செய்தியைக் கலந்து அனுப்பினால், ஒத்தியங்கும் ஏற்பி அவ்வலையைத் தானே மீண்டும் உருவாக்கிக் கழித்துவிடும், எஞ்சுவது செய்தி. 1993இல் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் கியோமோவும் ஓப்பன்ஹைமும் லாரன்ஸ் சமன்பாடுகளை மின்சுற்றாக்கி இதனை நிகழ்த்திக் காட்டினர். செய்தியின் 0, 1 ஆகிய இலக்கங்களுக்கேற்பச் சுற்றின் அளபுருவை மாற்றும் இலக்கமுறைப் பண்பேற்றமும் அதே ஆண்டில் முன்மொழியப்பட்டது.

திருச்சிராப்பள்ளியின் பங்கு

1993இல் பிசிக்கல் ரிவியூ இ ஆய்விதழில் வெளிவந்த ஒரு கட்டுரை, வான் டெர் போல் – டஃபிங் அலையியற்றியின் ஒத்தியக்கத்தால் சைகைகளை அனுப்புவதை விளக்கியது. அதன் ஆசிரியர்கள் கே. முரளியும் எம். லட்சுமணனும். மாசசூசெட்ஸ் கட்டுரைக்கும் இதற்கும் இடையே மாதங்களே இடைவெளி. மறு ஆண்டில் இவ்விருவரும் சுவாவோடு இணைந்து அமெரிக்க மின், மின்னணுப் பொறியாளர் கழகத்தின் ஆய்விதழில் வெளியிட்ட மின்சுற்று, இன்று முரளி–லட்சுமணன்–சுவா சுற்று என்றே உலகெங்கும் வழங்கப்படுகிறது. பாடநூல்களில் நிலைத்த தமிழ்ப் பெயர் தாங்கிய மின்சுற்று வேறொன்றைச் சுட்டுவது எளிதன்று.

அச்சுற்றின் சிறப்பு அதன் எளிமை. சுவா சுற்றின் இரு மின்தேக்கிகளுக்கு மாறாக இங்கு ஒன்றே உள்ளது. வெளியிலிருந்து செலுத்தப்படும் ஒரு சைன் அலை எஞ்சிய பணியைச் செய்கிறது. 10 நானோஃபாரட் மின்தேக்கி, 18 மில்லிஹென்றி மின்தூண்டி, 1340 ஓம் மின்தடை, 8890 ஹெர்ட்ஸ் அதிர்வெண் கொண்ட அலை மூலம், ஒரு சுவா டயோடு ஆகியவற்றால் அது அமைந்தது. சுவா டயோடையும் இரண்டு செயல்பாட்டுப் பெருக்கிகளையும் ஆறு மின்தடைகளையும் கொண்டே அமைத்துவிடலாம். சென்னை ரிச்சி தெருக் கடைகளில் வாங்கக்கூடிய உறுப்புகள் இவை. பெருஞ்செலவுக் கருவிகள் இல்லாத பல்கலைக்கழகத் துறையொன்று உலக ஆய்வின் முன்வரிசையில் நின்றதற்கு இந்த எளிமையும் ஒரு காரணம். செலுத்தும் அலையின் வீச்சைப் படிப்படியாக உயர்த்தினால், சுற்றின் அலைவுக்காலம் இருமடங்காகி, பின் நான்கு மடங்காகி, முடிவில் ஒழுங்கின்மையை அடைவதை ஆசிலாஸ்கோப் திரையிலேயே காணலாம்.

ஒத்த உறுப்புகள் என்னும் சிக்கல்

ஒத்தியக்கம் நிகழ வேண்டுமாயின் பரப்பியும் ஏற்பியும் ஒத்த உறுப்புகளால் ஆனவையாக இருத்தல் வேண்டும். ஆய்வகத்தில் இது பெரிய தடையன்று. பத்து மின்தடைகளை அளந்து ஒத்த இரண்டைத் தேர்ந்துகொள்ளலாம். ஆலையில் அது இயலாது. சந்தையில் கிடைக்கும் சாதாரண மின்தடை 5 விழுக்காட்டுப் பிழையோடும், துல்லியமானது 1 விழுக்காட்டுப் பிழையோடும் வருகிறது. மின்தேக்கிகளில் 10 விழுக்காட்டுப் பிழையும் இயல்பு. மேலும் முரளி–லட்சுமணன்–சுவா சுற்றின் அதிர்வெண் செவிக்கு எட்டும் எல்லைக்குள் இருக்க, அன்றைய கைப்பேசி இயங்கிய 900 மெகாஹெர்ட்ஸ் அதனினும் ஏறத்தாழ ஒரு லட்சம் மடங்கு. அந்த உயரத்தில் பலகையின் செப்புத்தடமே ஒரு மின்தேக்கியாகிவிடும்.

இங்கு ஓர் ஒப்பீடு பயனுள்ளது. திருப்பெரும்புதூர் ஆலையிலிருந்து வெளிவந்த கைப்பேசியும் ஒத்தியங்கவே செய்தது. ஜிஎஸ்எம் முறையில் கோபுரம் தன் அதிர்வெண்ணை அறிவிக்கும் தனிச் சைகையை இடைவிடாது அனுப்புகிறது. கைப்பேசி தன் படிகத்தின் பிழையை அதைக் கொண்டு திருத்தி, கோபுரத்தோடு கோடியில் ஒரு பங்கு துல்லியத்திற்குள் வந்து சேர்கிறது. உறுப்பு சற்றுப் பிசகினாலும் ஒழுங்கான அலை அப்பிசகைக் காட்டிக்கொடுக்கும், திருத்தம் எளிது. ஒழுங்கற்ற அலையிலோ உறுப்பின் பிசகும் அலையின் இயல்பும் ஒன்றோடொன்று கலந்துவிடுகின்றன.

இப்பிசகு உணர்வையே மறைகுறியின் வலிமையாகக் கொள்ளலாம் எனச் சிலர் வாதிட்டனர்: உறுப்புகளின் மதிப்பே திறவுகோல், அதை அறியாதவர் ஒத்தியங்க முடியாது. வாதம் அழகானது; கணக்கு அதற்கு இடந்தரவில்லை. ஓர் உறுப்பின் மதிப்பை நூறு படிகளாகப் பிரித்தறியலாம் என்றும், அத்தகைய உறுப்புகள் ஐந்து என்றும் கொண்டால், கிடைக்கும் திறவுகோல்கள் 1000 கோடி. கணினிக்கு இது சிறு எண். ஜிஎஸ்எம் மறைகுறியின் 64 பிட் திறவுகோல் இதனினும் நூறு கோடி மடங்குக்கு மேற்பட்ட வாய்ப்புகளைக் கொண்டது. அதுவே போதாதென்று பின்னாளில் கருதப்பட்டது. படிகளைக் கூட்டினால் பாதுகாப்பு உயரும். ஆனால் முறையான ஏற்பியும் ஒத்தியங்காமல் போகும். இரண்டையும் ஒருசேரப் பெறுதல் அரிது. 1994இல் கெவின் ஷார்ட்டும், 1995இல் பெரெஸ், செர்தெய்ரா ஆகியோரும் திறவுகோலைத் தேடாமலேயே, அனுப்பப்பட்ட அலையிலிருந்து செய்தியைப் பிரித்தெடுத்துக் காட்டினர். முரளியும் லட்சுமணனும் 1998இல் பல சைகைகளின் கூட்டு அலையைப் பயன்படுத்தும் முறையை முன்வைத்ததை இந்தப் பின்னணியில் நோக்க வேண்டும்.

சுற்றை விடுத்து இலக்கக் கணக்கீட்டால் ஒழுங்கின்மையை உருவாக்கும் வழியும் இருந்தது. உறுப்புச் சிக்கல் அங்கு இல்லை; ஆனால் வரம்புள்ள இலக்கங்களைக் கொண்ட கணினியில் எந்தத் தொடரும் ஒருநாள் தன் தொடக்கத்திற்கே திரும்பும். அந்நிலையில் அது, ஏற்கெனவே வழக்கிலிருந்த போலித் தற்செயல் தொடர்களினும் வேறுபட்டதெனக் கூற வலுவான காரணம் வேண்டும்.

செந்தரத்தின் காலம்

காலமும் துணை நிற்கவில்லை. ஜிஎஸ்எம் முறையின் அலை வடிவம் 1980களிலேயே ஐரோப்பாவில் முடிவாகி, 1991இல் ஃபின்லாந்தில் வணிகப் பயனுக்கு வந்துவிட்டது. சிடிஎம்ஏ முறைக்கான ஐஎஸ்-95 செந்தரம் ஏற்கப்பட்டது 1993இல். முரளி–லட்சுமணன் கட்டுரை வெளிவந்த அதே ஆண்டு. ஆகவே 2006இல் திருப்பெரும்புதூரில் உற்பத்தி தொடங்கியபோது, எந்த அலையை அனுப்புவது என்னும் வினாவுக்கே அங்கு இடமில்லை. ஆலையின் திறமை, முடிவான ஒன்றைக் கோடிக்கணக்கில் பிழையின்றிப் படியெடுப்பதில் இருந்தது. அதைக் குறையாகக் கூறுவது வரலாற்றைப் பிழையாக வாசிப்பதாகும்.

சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் அசோக் ஜுன்ஜுன்வாலா குழு, மிடாஸ், அனலாக் டிவைசஸ் நிறுவனங்களோடு உருவாக்கிய கார்டெக்ட் இதற்கு எதிர்ச்சான்று. அது ஆய்வகத்திலிருந்து சந்தைக்கு வந்தது. ஆயினும் அது டெக்ட் என்னும் ஐரோப்பியச் செந்தரத்தின் மேல் கட்டப்பட்டது என்பதை நினைவில் கொள்ள வேண்டும். அலை வடிவத்தைப் புதிதாகக் கண்டு அக்குழு சந்தைக்குச் செல்லவில்லை.

மாற்று வழிகள்

ஒத்தியக்கத்தையே கைவிடும் முறை 1996இல் ஹங்கேரியின் கேசா கோலும்பானும் அவர் குழுவினரும் முன்வைத்தது. ஒழுங்கற்ற அலைத்துண்டு ஒன்றை முதலில் அனுப்பி, அடுத்து அதையே நேராகவோ தலைகீழாகவோ மீண்டும் அனுப்பினால், இரண்டையும் ஒப்பிட்டு ஏற்பி இலக்கத்தை அறியும். ஒத்த உறுப்பு வேண்டியதில்லை, மறைவும் இல்லை, ஆற்றலில் பாதி மேற்கோள் துண்டுக்கே செலவாகிறது. ஒத்தியக்கத்தைக் கைவிடாதவர்களின் வெற்றி ஒளியிழையில் கிடைத்தது: 2005இல் ஏதென்ஸ் நகரின் 120 கிலோமீட்டர் வணிக ஒளியிழையில் லேசர் ஒழுங்கின்மையைக் கொண்டு வினாடிக்கு கிகாபிட் அளவில் செய்தி அனுப்பப்பட்டது. இணையாகத் தேர்ந்தெடுத்த இரு லேசர்களே அங்கும் தேவைப்பட்டன. உடலருகு வலையமைப்புகளுக்கான 2012ஆம் ஆண்டுச் செந்தரத்தில் ஒழுங்கற்ற துடிப்பு, தெரிவு வடிவங்களுள் ஒன்றாக இடம்பெற்றது.

தமிழ்நாட்டில் ஆய்வு வேறு திசையில் திரும்பியது. அண்ணா பல்கலைக்கழக இயற்பியல் துறையில் முரளி, கணித அறிவியல் நிறுவனத்தின் சுதேஷ்ணா சின்ஹா, அமெரிக்காவின் வில்லியம் டிட்டோ ஆகியோருடன் இணைந்து, ஒழுங்கற்ற மின்சுற்றொன்றால் நார் தருக்க வாயிலை அமைத்து 2003இல் வெளியிட்டார். வேறுபாட்டை மறைவாக்கும் முயற்சி அங்கில்லை. ஒரே சுற்று பல வாயில்களாக மாறுவதற்கு ஒழுங்கின்மை பயன்பட்டது. இரைச்சலுக்கு நடுவேயும் பிழையின்றி இயங்கும் தருக்கச் சுற்றுகளைப் பற்றிய அவர்களது ஆய்வு 2009இல் வந்தது.

திருப்பெரும்புதூர் நோக்கியா ஆலை 2014 நவம்பர் 1 அன்று மூடப்பட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, லட்சுமணன் பங்கேற்ற ஆய்வொன்று முரளி–லட்சுமணன்–சுவா சுற்றின் நேரியல் அல்லாத உறுப்பை நீக்கி, சுவா 1971இல் கருத்தளவில் முன்மொழிந்திருந்த மெம்ரிஸ்டரை அவ்விடத்தில் அமைத்து, அதன் இயக்கத்தை விளக்கியிருந்தது.