பல்லில்லாத கிழவரும் பழைய கோப்பும்

போன மாதம் மூட்டு வலிக்காக எக்ஸ்ரே எடுத்தேன். மருத்துவர் அதை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, "தேய்மானம்தான் சார், பயப்பட ஒன்றுமில்லை" என்றார். ஏற்கெனவே பல் செட். இப்போது மூட்டும் சேர்ந்துகொண்டது. வீட்டுக்கு வந்தால் மருமகள், "மாமா, உங்களுக்கு மட்டும் சாதத்தைக் கொஞ்சம் குழைய வெச்சிருக்கேன்" என்றாள். சாப்பிடும்போது ஒரு பழைய ஆசாமி ஞாபகத்துக்கு வந்தார். என்னைப் போலவே பல் போனவர், இடுப்பு தேய்ந்தவர். அவர் இறந்து சுமார் 50,000 ஆண்டுகள் ஆகின்றன.

அவரை எனக்குப் பள்ளிக்கூடத்திலேயே தெரியும். நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். எங்கள் வரலாற்றுப் புத்தகத்தின் ஆரம்பத்திலேயே நியாண்டர்தால் மனிதன் படம் இருக்கும். முன்னுக்கு நீண்ட தலை, வளைந்த முதுகு, மடங்கிய முழங்கால், கையில் ஒரு தடி. வகுப்பில் கூன் போட்டு உட்காருகிற பையனை எங்கள் மிசியே "நியாண்டர்தால்!" என்று அதட்டுவார். அந்தப் பையன் பெரும்பாலும் நான்தான்.

அந்தக் கூனுக்குக் காரணமான எலும்புகள் கிடைத்தது 1908 ஆகஸ்டில். பிரான்சின் கொரேஸ் பகுதியில் லா ஷப்பெல்-ஓ-சேன் என்ற சிற்றூர். அங்கே ஒரு சிறு குகையில் பூய்சோனி சகோதரர்கள் தோண்டிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் இருவர் கத்தோலிக்கப் பாதிரியார்கள். தரையில் ஒரு பள்ளம்; அதில் மல்லாந்து, கால்கள் மடங்கிய நிலையில் ஒரு மனிதர். எலும்புகளைப் பாரிஸுக்கு, இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருந்த மார்செலன் பூலிடம் அனுப்பினார்கள். அவர் அந்தக் காலத்தில் பெரிய பெயர்.

பூல் 1911 முதல் 1913 வரை விரிவான ஆய்வு நூலை வெளியிட்டார். இந்த மனிதனால் நிமிர்ந்து நிற்க முடியாது, முழங்கால் நேராகாது, கால் பெருவிரல்கூட குரங்குக்கு இருப்பதுபோல் விலகியிருக்கும் என்பது அவர் முடிவு. நம் முன்னோர் வரிசையில் இவனுக்கு இடமில்லை என்றும் சொன்னார். பெரியவர் சொல்லிவிட்டார். அதற்குப் பிறகு நாற்பது வருடத்துக்கு மேல் பாடப்புத்தகங்களிலும் அருங்காட்சியகப் பொம்மைகளிலும் அந்தக் கூன் நிலைத்துவிட்டது.

இது எப்படி நடக்கும் என்று அலுவலகத்தில் வேலை பார்த்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. எங்கள் பிரிவில் ஒரு விதவை அம்மாவின் குடும்ப ஓய்வூதியக் கோப்பு இருந்தது. என்றைக்கோ ஓர் அதிகாரி, "திருமணத்துக்கு ஆதாரம் இல்லை" என்று குறிப்பு எழுதிவிட்டார. பின்னால் வந்த ஒவ்வொரு குமாஸ்தாவும் அதையே பார்த்து எழுதினான். இரண்டு வருடம் நானும் எழுதினேன். ஒருநாள் கோப்பின் கட்டு அவிழ்ந்து தாள்கள் கீழே கொட்டின. அடுக்கும்போது பார்த்தால், கடைசியில் பிரெஞ்சுக் கையெழுத்தில் ஒரு பழைய எத்தா சிவில் பதிவு. அந்த அம்மாவின் திருமணப் பதிவுதான். அந்த அறையில் பிரெஞ்சு படிக்கத் தெரிந்தவன் நான் ஒருவன். நானே திறந்து பார்க்கவில்லை. பணம் வந்தபோது அந்த அம்மாவுக்குக் கண் மங்கிவிட்டது. கைநாட்டு வைக்க நான்தான் விரலைப் பிடித்துக் காட்டினேன்.

பூலின் கோப்பை மறுபடி திறந்தவர்கள் ஸ்ட்ராஸ், கேவ் என்ற இரண்டு உடற்கூற்று அறிஞர்கள். மூல எலும்புகளையே நேரில் பார்த்து 1957இல் எழுதினார்கள். முதுகெலும்பு முழுக்கக் கடுமையான மூட்டுத் தேய்மானம். இவர் நோயுற்ற ஒரு முதியவர். ஓர் இனத்துக்கே இவரை அளவுகோலாக வைத்தது தவறு என்றார்கள். பின்னால் வந்த ஆய்வுகள் இன்னொன்றும் சொல்லின. நோய் மட்டும் காரணமில்லை, பூல் எலும்புகளைப் பொருத்திய விதத்திலேயே பிழை இருந்தது. 2019இல் வெளியான ஓர் ஆய்வு இடுப்பு மூட்டின் தேய்மானத் தடங்களையும் முதுகெலும்பையும் சேர்த்துப் பார்த்து, இவர் நம்மைப் போலவே நிமிர்ந்து நடந்தவர் என்று காட்டியது.

எலும்பைப் படிக்கும் முறையும் அழகானது. உயிரோடு இருக்கும்போது பல் விழுந்தால், அந்தக் குழி மெல்ல மெல்ல எலும்பால் மூடி வழவழப்பாகிவிடும். செத்த பிறகு விழுந்தால் குழி திறந்தபடியே கிடக்கும். லா ஷப்பெல் மனிதருக்குப் பல கடைவாய்ப் பற்களின் இடம் மூடியிருக்கிறது. ஒரு விலா எலும்பு முறிந்து ஆறியிருக்கிறது. இடது இடுப்பு மூட்டு கெட்டிருக்கிறது. இத்தனைக்கும் நாற்பதைத் தாண்டி வாழ்ந்திருக்கிறார்.

அப்படியானால் கூட இருந்தவர்கள் மென்று ஊட்டினார்களா? அப்படியும் எழுதினார்கள். 1985இல் டாப்பன் என்பவர் தாடையை மறுபடி சோதித்து, மெல்லுவதற்குச் சில பற்கள் மீதியிருந்தன என்று அந்தக் கதையைக் கொஞ்சம் அடக்கினார். எனக்கு அதில் வருத்தமில்லை. கெட்ட குறிப்பைப் போலவே நல்ல குறிப்பையும் சரிபார்க்கத்தான் வேண்டும்.

ஆனால் ஈராக்கின் ஷானிதார் குகையில் ரால்ஃப் சொலெக்கி 1957இல் கண்டெடுத்த இன்னொரு நியாண்டர்தாலைப் பாருங்கள். இடது கண்ணோரம் பலத்த அடி, வலது கை முழங்கைக்கு மேலே முடிந்துவிடுகிறது, காலும் நொண்டி. காது கேட்டிருக்காது என்று 2017இல் ஓர் ஆய்வு சொன்னது. எல்லாக் காயமும் ஆறி, அதற்குப் பிறகும் பல வருடம் வாழ்ந்திருக்கிறார். மற்றவர்கள் தயவில்லாமல் இது நடக்காது.

லா ஷப்பெல் குகையை 1999 முதல் மறுபடி தோண்டினார்கள். அந்தப் பள்ளம் தானாக ஏற்பட்டதல்ல, ஒரு பகுதியாவது வெட்டப்பட்டது, உடல் சீக்கிரமே மூடப்பட்டது என்று 2013இல் எழுதினார்கள். நடக்கச் சிரமப்பட்ட ஒரு கிழவருக்காக யாரோ உட்கார்ந்து தரையைத் தோண்டியிருக்கிறார்கள். பூல் குரங்கைத் தேடியதில் இந்தக் கிழவரைப் பார்க்காமல் விட்டார். நான் முந்தைய குறிப்பைப் படித்ததில் அந்த அம்மாவைப் பார்க்காமல் விட்டேன். என்னால் பூலை ரொம்பத் திட்ட முடியவில்லை.

நாளைக்கு யாராவது என் தாடையைக் கையில் எடுத்தால், மூடிய பல் குழிகளை எண்ணிப் பார்த்துக்கொள்ளட்டும். குழைந்த சாதம் எலும்பில் தெரியாது. அதனால்தான் இங்கே எழுதி வைக்கிறேன்.